பொறுமையா, முதிர்ச்சியா? – "மேற்குத் தொடர்ச்சி மலை" திரைப்படத்தை முன்வைத்து ஒரு திறனாய்வு

உணர்ச்சி முதிர்ச்சி என்னும் சொற்றொடர் இன்று நம் அருளுரைகளிலும், ஆற்றுப்படுத்தும் பணி பற்றிய வகுப்புகளிலும், திருமண ஆயத்தக் கூட்டங்களிலும் அடிக்கடி ஒலிக்கிறது. அதன் பொருள் என்னவென்று கேட்டால், நம்மில் பலர் தரும் விடை ஒன்றாகவே இருக்கும். கோபப்படாதவர், பிறர் காண அழாதவர், எதிர்த்துப் பேசாதவர், எது நேரினும் அமைதியாக ஏற்றுக்கொள்பவர் ஆகியோரே முதிர்ச்சி பெற்றவர் என்போம். இவ்விடையில் ஓரளவு உண்மை உண்டு. ஆனால் இவ்விடை யாருக்கு வசதியானது என்று நாம் கேட்பதில்லை. நிலமும் அதிகாரமும் உடையவரிடத்தில் ஒருவகையாகவும், கூலிக்காரரிடத்தில் வேறுவகையாகவும் இவ்வளவுகோலைப் பயன்படுத்துகிறோமா என்றும் நாம் ஆராய்வதில்லை. இக்கேள்விகளை எழுப்பும் ஒரு திரைப்படத்தைப் பற்றி இக்கட்டுரையில் சிந்திக்க விரும்புகிறோம். 2018ஆம் ஆண்டு ஆகஸ்ட் 24ஆம் நாள் வெளிவந்த "மேற்குத் தொடர்ச்சி மலை" என்பதே அது. லெனின் பாரதி இயக்கிய முதற்படம் இது. விஜய் சேதுபதி தயாரித்தார், இளையராஜா இசையமைத்தார், தேனி ஈஸ்வர் ஒளிப்பதிவு செய்தார்.

திரைப்படத்தைத் திறனாய்வது இறையியல் ஏட்டின் வேலையா என்று சிலர் வினவலாம். நம் சபை மக்கள் வாழ்வைக் குறித்துச் சிந்திக்கும் இடங்களில் திரைப்படமும் ஒன்று. அங்கே அவர்கள் எதைக் கண்டு கண்ணீர் விடுகின்றனர், எதைக் கண்டு மௌனமாக வீடு திரும்புகின்றனர் என்பதை அறியாத ஆயர், ஞாயிறு காலையில் யாரோடு பேசுகிறோம் என்பதையும் முழுமையாக அறியார்.

மலையும் பாதையும்

போடிநாயக்கனூருக்கு மேற்கே, மலையடிவாரத்தில் உள்ள சிற்றூர் குரங்கணி. கொட்டகுடி ஆற்றின் பள்ளத்தாக்கில் அமைந்த அவ்வூரிலிருந்து நடைபாதைகள் மேலேறி, சென்ட்ரல் ஸ்டேஷன் வழியாக டாப் ஸ்டேஷனுக்கும், கொழுக்குமலைத் தேயிலைத் தோட்டங்களுக்கும் செல்கின்றன. மலையூர்களுக்கு "ஸ்டேஷன்" என்னும் பெயர் வந்ததற்கு ஒரு வரலாறு உண்டு. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மூணாற்றுத் தேயிலை சிறு இரயிலில் டாப் ஸ்டேஷனுக்கு வந்து, அங்கிருந்து கம்பிவடத்தில் தொங்கியவாறு கொட்டகுடிக்கு இறங்கியது. 1924ஆம் ஆண்டுப் பெருவெள்ளம் அவ்விரயில் பாதையை அழித்தது. பெயர் நிலைத்தது. பொருள்களுக்குக் கம்பிவடம் அமைந்த காலத்திலும், மனிதர் தம் கால்களாலேயே அம்மலையில் ஏறி இறங்கினர். கோவேறு கழுதைகளும், மனிதத் தலைகளும், முதுகுகளுமே மலையூர்களுக்கு அரிசியையும் உப்பையும் கொண்டுசென்றன. மேலே விளைந்ததைக் கீழே கொண்டுவந்தன.

ஏலக்காயின் வாணிகத்துக்குப் பெயர்பெற்ற ஊர் போடி. ஆனால் ஏலத்தோட்டங்களில் பெரும்பகுதி எல்லைக்கு அப்பால், கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் உள்ளது. போடி, தேவாரம், கம்பம் பகுதிகளிலிருந்து தொழிலாளர் இன்றும் விடியுமுன் ஜீப்புகளில் நெருங்கி ஏறி, மலைமேல் சென்று, மாலையில் திரும்புகின்றனர். நிலம் ஒரு மாநிலத்தில், கூலியாள் மற்றொரு மாநிலத்தில். விளைச்சல் மேலே, விலை கீழே. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள சரிவுதான் நம் படத்தின் களம். படத்தில் வரும் பாதை குரங்கணிப் பாதைதான் என்று நாம் கூறவில்லை. தேனி மாவட்டத்து மேற்கு மலைச்சரிவு முழுவதற்கும் பொதுவான வாழ்வு அது. குரங்கணியை அறிந்தவருக்கு அதன் ஒவ்வொரு திருப்பமும் பழக்கமானது.

படம் வெளிவருவதற்கு ஐந்து திங்களுக்கு முன், 2018 மார்ச் 11ஆம் நாள், குரங்கணி மலையில் மூண்ட காட்டுத்தீயில், மலையேற்றத்துக்கு வந்திருந்த இளைஞர் இருபதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அன்று தமிழகம் முழுவதும் குரங்கணியின் பெயரைக் கேட்டது. கூக்குரல் கேட்டு முதலில் மேலே ஓடியவர்கள் அவ்வூர் மக்களும் தோட்டத் தொழிலாளருமே. பாதையற்ற சரிவில், இருள் சூழும் வேளையில், தீக்காயம் பட்டோரைத் தேடினர்; தண்ணீர் கொடுத்தனர்; தூக்கிக் கொண்டு இறங்கினர். மறுநாள் மீண்டும் தத்தம் வேலைக்குச் சென்றனர். அவர்களை வீரர் என்று பாராட்டினோம். ஆயின், அவர்கள் செய்தது ஒருநாள் வீரம் அன்று. நாள்தோறும் அப்பாதையில் கடைப்பிடித்துவரும் ஒழுக்கத்தின் நீட்சியே. வழியில் விழுந்தவரை விட்டுச்செல்வது அம்மலையில் வழக்கமில்லை. படம் நமக்குக் காட்டுவது இந்த ஒழுக்கத்தையே.

படத்தின் போக்கு

கதை சிறியது. ரங்கசாமி நிலமற்ற சுமைக்கூலி. மலைமேல் உள்ள தோட்டத்திலிருந்து ஏலக்காய் மூட்டைகளைச் சுமந்து கீழே கொண்டுவருவது அவன் தொழில். சொந்தமாகச் சிறு நிலம் வாங்கிப் பயிரிட வேண்டும் என்பதே அவன் விருப்பம். சிறுகச் சிறுகச் சேர்க்கிறான். நிலம் வாங்கும் நாள் நெருங்குகையில், விற்பவரின் குடும்பத்துக்குள் எழுந்த பூசலால் அது கைநழுவுகிறது. மற்றொரு முறை, அவன் நம்பியிருந்த ஏலக்காய் மூட்டை மலைச்சரிவில் உருண்டு சிதறிப் போகிறது. பின்னர் ஈஸ்வரியை மணக்கிறான். ஒருவழியாக நிலமும் கிடைக்கிறது. இதற்கிடையே தோட்டத்தில் தொழிலாளர் உரிமைக்காகச் சாக்கோ என்னும் தோழர் போராடுகிறார். தொழிற்சங்கத் தலைமையே முதலாளியோடு இணங்கிப் போகிறது. அக்கொந்தளிப்பு கொலையில் முடிகிறது. ரங்கசாமி சிறை செல்கிறான். தனித்து நிற்கும் ஈஸ்வரி நிலத்தைக் காக்க முயல, விதைக்கும் உரத்துக்கும் வாங்கிய கடன் வளர்கிறது. முடிவில் நிலம் கைமாறி, அதில் காற்றாலை எழுகிறது. தான் உழுத நிலத்திலேயே, காற்றாலை நிறுவனத்தின் சீருடை அணிந்து, காவலாளியாக அமர்ந்திருக்கிறான் ரங்கசாமி. ஒளிப்படக் கருவி மேலே எழ எழ, அவன் சிறிதாகிறான். சுற்றிலும் எண்ணற்ற காற்றாலைகள் சுழல்கின்றன.

இக்கடைசிக் காட்சியில் ரங்கசாமி அழவில்லை, யாரையும் ஏசவில்லை. இதுவே நம் ஆய்வுக்குரிய இடம். இம்மௌனம் முதிர்ச்சியா? நம் பிரசங்க மேடைகளில் பெரும்பாலானவை "ஆம்" என்றே சொல்லும் என்று அஞ்சுகிறோம்.

பாதையில் காணும் முதிர்ச்சி

முதலில், படத்தில் மெய்யான முதிர்ச்சி எங்கே உள்ளது என்பதைக் காண்போம். அது முதற்பாதியில், எந்தப் பெரிய நிகழ்ச்சியும் இல்லாத காட்சிகளில் உள்ளது. ரங்கசாமி மலையேறும்போது எதிர்ப்படுவோரிடம் நலன் கேட்கிறான். பிறர் சொல்லியனுப்பும் செய்தியையும் சிறு வேலையையும் ஏற்றுக்கொள்கிறான். தம் காலத்தில் பெருஞ்சுமை தூக்கிய பெருமையை விடாத முதியவர் ஒருவர் படத்தில் வருகிறார். உடல் தளர்ந்தும் அவர் பெருமை தளரவில்லை. பாதையில் உள்ளோர் அவரைக் கேலி செய்து சிறுமைப்படுத்துவதில்லை. அவர் மூச்சு வாங்குவதையும் காணாமல் இருப்பதில்லை. ஒரு மனிதனின் பெருமிதத்தைக் காயப்படுத்தாமல் அவன் இயலாமையைத் தாங்குவது எவ்வளவு கடினம் என்பதை, முதியோரைப் பேணும் குடும்பங்களைச் சந்திக்கும் ஆயர்கள் அறிவர்.

இத்தகைய சிறு செயல்களே அன்றாட வாழ்வில் உணர்ச்சி முதிர்ச்சியின் வடிவங்கள். பிறரது அச்சத்தைக் கண்டு நகையாமை. தன் இழப்பைக் காரணமாகக் கொண்டு மனைவி மக்கள்மேல் சீறாமை. உதவி பெற்றதை மறவாமை. உதவி செய்ததைச் சொல்லிக் காட்டாமை. தான் களைத்திருக்கும்போதும் எதிரே வருபவருக்கு வழிவிட்டு நிற்றல். இவற்றை எந்த வகுப்பிலும் அவர்கள் கற்கவில்லை. பாதை கற்பித்தது. ஒற்றையடிப் பாதையில் ஒருவர் ஒதுங்கி நின்றால்தான் மற்றவர் செல்ல முடியும்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். இம்முதிர்ச்சி ரங்கசாமி என்னும் தனிமனிதனின் சொத்து அன்று. அது பலரும் சேர்ந்து காத்துவரும் பழக்கம். அவன் பேசுவதற்கு ஆள் உண்டு. அவன் வராவிட்டால் ஏன் வரவில்லை என்று கேட்பதற்கு ஆள் உண்டு. மூட்டை சிதறிய பின்னும் அவனால் மறுபடியும் மலையேற முடிந்தது, அவன் நெஞ்சுரத்தினால் மட்டும் அன்று. அப்பாதையில் அவனைத் தெரிந்தவர் இருந்ததனாலும்தான்.

அழுகைக்கு நான்கு, வெகுளிக்கு நான்கு

தமிழ் மரபு உணர்ச்சியை இழிவாகக் கருதவில்லை. தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல் எட்டு மெய்ப்பாடுகளை எண்ணி, ஒவ்வொன்றும் நந்நான்கு காரணங்களால் பிறக்கும் என்று வகுக்கிறது. அழுகை பிறக்கும் இடங்கள் நான்கு: இகழப்படுதல், இழத்தல், முன்னைய நிலை கெட்டுத் தளர்தல், வறுமை. வெகுளி பிறக்கும் இடங்களும் நான்கு: உறுப்பு அறுக்கப்படுதல், குடியும் சுற்றமும் கேடுறுதல், அலைக்கப்படுதல், கொலை. வெகுளிக்குக் கூறப்பட்ட நான்கும் பிறர் இழைக்கும் கொடுமைகளே என்பது எண்ணத்தக்கது. அறத்துக்கு மாறானது நிகழும்போது உள்ளம் காட்டும் சான்றாக அந்நூல் சினத்தை வைக்கிறது.

இவ்வளவுகோலால் கடைசிக் காட்சியைப் பார்ப்போம். அழுகைக்குரிய நான்கு காரணங்களும் ரங்கசாமியிடம் உள்ளன. நிலத்தை இழந்தான், உழவன் நிலையிலிருந்து காவலாளி நிலைக்குத் தாழ்ந்தான், வறுமை விடவில்லை, தன் மண்ணிலேயே பிறன் சீருடையில் நிற்பதைவிட இளிவரல் வேறு இல்லை. ஆயினும் அழுகை இல்லை. காரணம் நான்கும் இருந்து அழுகை இல்லாதபோது, அவன் துயரை வென்றுவிட்டான் என்று கூறுவதா, துயரைச் சொல்லும் இடம் அவனுக்கு இல்லாமற் போயிற்று என்று கூறுவதா?

திருக்குறளில் "வெகுளாமை" அதிகாரத்தின் முதற்குறள் இதற்கு விடை காண உதவுகிறது. தன் சினம் பலிக்கக்கூடிய இடத்தில் அதைத் தடுப்பவனே சினத்தைக் காப்பவன். பலிக்காத இடத்தில் காத்தாலும் காக்காவிட்டாலும் வேறுபாடு இல்லை என்பது அதன் கருத்து. அதாவது, சினங்காத்தல் என்னும் அறம் முதலாவதாக வலியவனுக்கு உரியது. மெலியவன் வாய் திறவாதிருப்பதை அறம் என்று பாராட்டுவதற்கு அக்குறள் இடம் தரவில்லை. தோட்ட முதலாளியிடமும், கடன் கொடுத்த வணிகனிடமும் எதிர்பார்க்க வேண்டிய தன்னடக்கத்தை, சுமைக்கூலியிடம் மட்டும் எதிர்பார்ப்பது அளவுகோலைத் தலைகீழாகப் பிடிப்பதாகும்.

திருமறையில் பொறுமை

இதையே திருமறையும் வேறொரு முறையில் கூறுகிறது. நம் வேதாகமத்தில் "பொறுமை" என்றும் "நீடிய பொறுமை" என்றும் வரும் சொற்களுக்குக் கிரேக்கத்தில் இரு வேறு சொற்கள் உள்ளன. ஒன்று "ஹுபொமொனே", சுமையின்கீழ் நிலைத்து நிற்பது என்பது அதன் அடிப்பொருள். மற்றது "மக்ரோதுமியா", சினம் மூள நெடுங்காலம் எடுத்துக்கொள்வது அது. மத்தேயு 18ஆம் அதிகாரத்தில் மன்னிக்காத ஊழியக்காரனின் உவமையில் இச்சொல்லின் வினைவடிவம் இருமுறை வருகிறது. இருமுறையும் அதைக் கேட்பவன் கடன்பட்டவன். கொடுக்க வேண்டியவன் கடன் கொடுத்தவன். அதிகாரம் உடையவனிடம் அதிகாரமற்றவன் எழுப்பும் விண்ணப்பமாக இங்கே பொறுமை வருகிறது. விதைக்கடன் கொடுத்தவன் ஈஸ்வரியிடம் காட்டாத பொறுமை இதுவே.

இதற்கு மறுப்பு ஒன்று உண்டு. யாக்கோபு நிருபம் 5ஆம் அதிகாரம் ஒடுக்கப்பட்டோரையும் நீடிய பொறுமைக்கு அழைக்கிறதே என்று மாணவர்கள் கேட்கலாம். அழைக்கிறது, ஆனால் எவ்விடத்தில் அழைக்கிறது என்று பார்க்க வேண்டும். அறுவடைக் கூலியைப் பிடித்துவைத்த செல்வரை வன்மையாகக் கண்டித்த பின்னரே, கூலியாளரின் கூக்குரல் ஆண்டவரின் செவியை எட்டியது என்று அறிவித்த பின்னரே, அவ்வழைப்பு வருகிறது. கூக்குரல் முன்னே, பொறுமை பின்னே. அதே அதிகாரம் யோபுவை ஹுபொமொனேக்கு எடுத்துக்காட்டாக நிறுத்துகிறது. அந்த யோபு மௌனமாக இருந்தவர் அல்லர். தாம் பிறந்த நாளைச் சபித்தார். நண்பர்களின் ஆறுதல்மொழிகளைத் தள்ளினார். கடவுளையே வழக்குக்கு அழைத்தார். இறுதியில் கடவுள், சரியாகப் பேசியவர் யோபுவே என்றார். பேசாதிருக்கும்படி அவருக்குப் புத்தி சொன்ன நண்பர்களைக் கடிந்துகொண்டார். நாமோ யோபுவின் முதல் இரண்டு அதிகாரங்களைப் பிரசங்கித்து, இடையிலுள்ளவற்றை விட்டுவிட்டு, கடைசி அதிகாரத்துக்குத் தாவிவிடுகிறோம்.

நம் ஆண்டவரின் வாழ்விலும் இதையே காண்கிறோம். மாற்கு 3ஆம் அதிகாரத்தில் அவர் சினத்தோடும் துக்கத்தோடும் சுற்றிலும் பார்க்கிறார். அச்சினத்தின் பயனாகச் சூம்பிய கை நலமாகிறது. யோவான் 11ஆம் அதிகாரத்தில் லாசருவின் கல்லறை நோக்கிச் செல்கையில் அவர் உள்ளம் கலங்கியதைக் குறிக்கும் கிரேக்கச் சொல், பண்டை இலக்கியத்தில் குதிரை சீறுவதற்கும் வழங்கியது. அவ்விடத்திலேயே அவர் கண்ணீரும் விடுகிறார். முழுமையான மனிதராகிய அவரிடத்தில் சினமும் கண்ணீரும் அருகருகே உள்ளன. இவை இல்லாத ஒரு முதிர்ச்சியை நாம் எங்கிருந்து பெற்றோம்?

நாபோத்தின் திராட்சத்தோட்டம்

நிலம் பற்றிய படத்தைப் பார்க்கும் திருமறை வாசகர் 1 இராஜாக்கள் 21ஆம் அதிகாரத்தை நினையாமல் இருக்க முடியாது. ஆகாப் அரசன் நாபோத்தின் நிலத்தைக் கேட்கிறான். நாபோத்து மறுக்கிறார். அம்மறுப்பில் வசை இல்லை; நடுக்கமும் இல்லை. இது முன்னோரின் உரிமை, இதைக் கொடுப்பது ஆண்டவருக்கு முன் ஆகாது என்று தெளிவாகச் சொல்லி நிறுத்துகிறார். ஆகாபோ வீட்டுக்குச் சென்று, கட்டிலில் படுத்து, முகத்தைத் திருப்பிக்கொண்டு, உண்ணாமல் கிடக்கிறான்.

இருவரில் குழந்தை யார்? நாட்டை ஆளும் அரசன் தான் கேட்டது கிடைக்காததால் சோறு உண்ணாமல் படுத்திருக்கிறான். உணர்ச்சி முதிர்ச்சியின்மையைத் திருமறை வரையும் கூர்மையான சித்திரங்களுள் இதுவும் ஒன்று. அது ஓர் அரண்மனையில் நிகழ்கிறது. அம்முதிர்ச்சியின்மைக்கு விலை கொடுப்பவர் நாபோத்து. அவரைக் கொல்வதற்கு முன் ஊரில் உபவாசம் கூறப்பட்டது என்பதையும் மறக்கலாகாது. வழிபாடே அநீதிக்குத் திரையாக நின்றது. ரங்கசாமியின் நிலம் கல்லெறியால் பறிபோகவில்லை. பத்திரத்தாலும் கடன்சீட்டாலும் பறிபோயிற்று. முறை மாறியது, கதை மாறவில்லை. இங்கே எலியா யார் என்பதுதான் திருச்சபைக்குரிய கேள்வி.

காவலாளியின் சீருடை

அமெரிக்கச் சமூகவியலாளர் ஆர்லி ஹாக்ஷீல்ட் 1983ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில், விமானப் பணிப்பெண்களின் வேலையை ஆராய்ந்து, கூலிக்காக ஒருவர் தம் உணர்ச்சிகளையே அடக்கியும் மாற்றியும் காட்ட வேண்டியிருப்பதும் ஓர் உழைப்பே என்று நிறுவினார். ரங்கசாமியின் சீருடை அத்தகையது. முன்பு அவன் முதுகை விற்றான்; மூட்டையை இறக்கியதும் முதுகு அவனுடையதாயிற்று. இப்போது அவன் அமைதியாக அமர்ந்திருப்பதற்கே கூலி. அவன் முகத்தில் சினம் தெரிந்தால் அவ்வேலையும் போய்விடும். இவ்வமைதியை ஆவியின் கனி என்று நாம் அழைத்தால், ஆவியானவரைக் காற்றாலை நிறுவனத்தின் மேற்பார்வையாளர் ஆக்கிவிடுகிறோம்.

1990இல் பீட்டர் சாலவே, ஜான் மேயர் என்னும் உளவியலாளர்கள் எழுதிய கட்டுரையும், 1995இல் டேனியல் கோல்மன் வெளியிட்ட நூலும் உணர்ச்சிகளை அறிந்து ஆளும் திறன் பற்றிய பேச்சை உலகெங்கும் பரப்பின. நம் ஆற்றுப்படுத்தும் பணியும் அவற்றால் பயன் பெற்றுள்ளது. அதை மறுக்க வேண்டியதில்லை. ஆனால் அலுவலகங்களின் மேலாண்மைப் பயிற்சிக்கு ஏற்ற ஒன்றை, கூலியின் நீதி பற்றிய கேள்வியைக் கேளாமல், மலைச்சரிவுக்கு அப்படியே ஏற்றிக்கொண்டு போகலாகாது.

படத்தின் குறைகள்

படத்தைப் பாராட்டும் நாம் அதன் குறைகளையும் சொல்லியாக வேண்டும். முதலாவது, ஈஸ்வரி. ரங்கசாமி சிறையிலிருந்த ஆண்டுகளில் நிலத்தையும் வீட்டையும் தாங்கியவள் அவளே. கடன்காரனை எதிர்கொண்டவளும் அவளே. ஆயின் அவ்வாண்டுகளைப் படம் விரைந்து கடந்துவிடுகிறது. ரங்கசாமியின் ஒவ்வொரு மலையேற்றத்தையும் காட்டப் பொறுமை இருந்த இயக்குநருக்கு, ஈஸ்வரியின் ஓர் இரவைக் காட்ட நேரமில்லாமற் போயிற்று. உணர்ச்சிச் சுமையைப் பெண்கள் சுமக்க, அதன் பெயரை ஆண்கள் பெறுவது நம் குடும்பங்களிலும் சபைகளிலும் உள்ள வழக்கம்தான். படமும் அவ்வழக்கத்தைத் தாண்டவில்லை.

இரண்டாவது, கொலை. பாதையில் அவ்வளவு நிதானமாக இருந்தவன் கை எப்படிக் கொலைக்குத் துணிந்தது, அதன்பின் அவன் உள்ளத்தில் என்ன நிகழ்ந்தது என்பதைப் படம் ஆராயவில்லை. குற்ற உணர்வும் வருத்தமும் இல்லாத வன்முறை இல்லை. அதைக் காட்டாமல் விடும்போது கொலை வெறும் கதைத்திருப்பமாகிவிடுகிறது. எனினும், படம் சொல்லாமல் உணர்த்தும் ஓர் உண்மை இங்கே உண்டு. சாக்கோவின் சங்கம் தொழிலாளரின் சினத்துக்கு ஒரு வீடாக இருந்தது. அங்கே சினம் கோரிக்கையாயிற்று, கோரிக்கை பேச்சுவார்த்தையாயிற்று. சங்கத் தலைமை விலைபோன நாளில் அச்சினம் வீடிழந்தது. வீடிழந்த சினம் ஆயுதத்தைத் தேடியது. அது தணிந்தபின் எஞ்சியது மௌனம். கொலையும் மௌனமும் ஒன்றுக்கொன்று எதிரானவை போலத் தோன்றினும், இரண்டும் ஒரே இழப்பின் பிள்ளைகள். ஆதலால், "மௌனம் வேண்டாமென்றால் வன்முறையா?" என்று நம்மைக் கேட்போருக்கு, இரண்டுமே முதிர்ச்சியைத் தாங்கிநின்ற கூட்டுவாழ்வு சிதைந்ததன் விளைவுகள் என்றே விடையளிப்போம்.

பாலா இயக்கிய "பரதேசி" (2013) படத்தின் முடிவோடு இதை ஒப்பிடலாம். அங்கே, தான் சிக்கிய அதே தேயிலைத் தோட்டத்துக்குத் தன் மனைவியும் குழந்தையும் வந்து சேர்வதைக் கண்டு நாயகன் கதறுகிறான். அக்கதறல் பார்ப்போரின் அழுகையையும் தானே அழுது முடித்துவிடுகிறது. "மேற்குத் தொடர்ச்சி மலை" அழ மறுப்பதால், அழுகை நம்மிடம் மீதியாக நிற்கிறது. கலை என்னும் வகையில் இரண்டாவதே வலியது என்பது நம் கருத்து. ஆனால் அதன் வலிமை ரங்கசாமியின் மௌனத்தை நாம் போற்றுவதில் இல்லை. அம்மௌனத்தை நம்மால் தாங்க முடியாமற் போவதில் உள்ளது.

நம் பணிக்கு

இப்படத்திலிருந்து அருள்பணியாளராகிய நாம் கற்பவை மூன்று என்று எண்ணுகிறோம்.

முதலாவது, புலம்பலைத் திருச்சபையின் வழிபாட்டுக்குள் மீண்டும் கொண்டுவர வேண்டும். சங்கீதங்களில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு புலம்பல்கள். அவை நம் ஞாயிறு வழிபாட்டில் எத்தனை முறை வாசிக்கப்படுகின்றன? வால்டர் புரூகமன் 1986இல் எழுதிய கட்டுரை ஒன்றில், வழிபாட்டிலிருந்து புலம்பல் மறையும்போது நீதியைப் பற்றிய கேள்வியும் உடன் மறைந்துவிடுகிறது என்று எச்சரித்தார். துதிக்க மட்டுமே தெரிந்த சபையில், நிலம் இழந்தவன் பின்வரிசையில் காவலாளியைப்போல் அமர்ந்திருப்பான். சாவு வீட்டிலும், பயிர் கெட்ட வீட்டிலும், வேலை போன வீட்டிலும் நாம் எடுத்த எடுப்பில் ஆறுதல் வசனத்தைத் திறக்கிறோம். அவர்கள் பேசி முடிக்கும்வரை, வேண்டுமானால் கடவுளையே குறைகூறி முடிக்கும்வரை, உடனிருக்கக் கற்பது ஆயரின் முதிர்ச்சிக்கு ஒரு சோதனை.

இரண்டாவது, தன்னடக்கத்தை அதற்கு உரியவரிடம் பிரசங்கிக்க வேண்டும். தோட்ட உரிமையாளரும், கங்காணியும், வட்டிக்குக் கொடுப்பவரும் நம் ஆலயங்களிலும் உள்ளனர். பொறுமையைப் பற்றிய பிரசங்கம் அவர்கள் காதில் விழும்படி அமைய வேண்டும். அன்றியும், ஆகாபின் கட்டில் அரண்மனையில் மட்டும் கிடப்பதன்று. சேகரத் தேர்தலில் தோற்றதற்காக ஆண்டுக்கணக்கில் முகத்தைத் திருப்பிக்கொள்வோர், ஆலயச் சொத்துக்காக வழக்குமன்றம் ஏறுவோர், இடமாற்ற ஆணை தமக்கு ஏற்றதாக இல்லையென்று பேராயரோடு பேசாதிருப்போர் நம்மிடையே இல்லையா? ஏழையின் மௌனத்தில் முதிர்ச்சியைக் காணும் நம் கண்கள், நம் சினத்தில் குழந்தைத்தனத்தைக் காணத் தவறுகின்றன.

மூன்றாவது, பாதையில் இருக்க வேண்டும். முதிர்ச்சி தனிமனிதரின் நெஞ்சுக்குள் விளையும் பயிர் அன்று. வழிநடையில் ஒருவர் மற்றவர்க்கு ஒதுங்கி நிற்கும் பழக்கத்தில் விளைவது. எபிரெயர் 5ஆம் அதிகாரம், முதிர்ந்தவர்கள் என்போர் பயிற்சியினால் நன்மை தீமையைப் பகுத்தறியக் கற்றவர்கள் என்கிறது. முதிர்ச்சி பயிற்சியால் வருவது. பயிற்சி பலரோடு கூடி நடப்பது. மலைமேல் இருக்கும் சிறு சபைகளை ஆண்டில் இருமுறை திருவிருந்துக்கு மட்டும் சென்று பார்த்து வருகிற நாம், அவர்களோடு ஒரு நாளேனும் அந்த ஜீப்பில் ஏறி, அந்தச் சரிவில் நடந்து, அந்தக் கூலிநாளின் முடிவில் அவர்கள் என்ன பேசுகின்றனர் என்று கேட்டதுண்டா?

குரங்கணியில் தீ மூண்ட அந்த மாலையில் மேலே ஓடியவர்கள் தம் அச்சத்தை இல்லையென்று நடிக்கவில்லை, அச்சத்தோடே ஓடினர். தம்மால் காப்பாற்ற இயலாதவர்களுக்காக அழுதிருப்பர், அழுதபின் சுமந்தனர். அச்சமும் அழுகையும் சினமும் தத்தமக்கு உரிய இடத்தைப் பெற்று, கடைசியில் சுமக்கும் தோளாக மாறுவதே நாம் தேடும் முதிர்ச்சி. அத்தோளை உடையவர்கள் நம் சபைகளில் ஏற்கெனவே உள்ளனர். அவர்களுக்குப் பொறுமையைக் கற்பிப்பதற்கு முன், அவர்கள் எதை இழந்தனர் என்று கேட்போமாக. கேட்டபின், யாரிடம் சென்று பேச வேண்டுமோ அவரிடம் சென்று பேசுவோமாக.